எட்மண்டன் வீட்டுப் புழுப்பல்லி

எண்பதுகளின் கடைசியில் எட்மண்டனில் நாங்கள் ஆறு பேர் ஒரே வீட்டில் இருந்தோம். நான் செல்லப்பிராணிக் கடையொன்றில் கூடு கழுவிக்கொண்டிருந்தேன். ஒருவரும் வாங்காத புழுப்பல்லி ஒன்றைக் கடைக்காரன் வீசப் பார்த்தான். மண் நிரப்பிய கண்ணாடித் தொட்டியோடு அதை என் அறைக்குக் கொண்டுவந்தேன். அதற்குக் கால் கிடையாது. தலையும் வாலும் ஒரே மாதிரி மொட்டையாக இருக்கும். நாள் முழுக்க மண்ணைத் துளைத்துக்கொண்டே கிடக்கும்.

வீட்டை வாடகைக்கு எடுத்து எங்களை வைத்திருந்த அண்ணை அதை ஒரு தரம்தான் பார்த்தார்.

"உது இருதலைப் பாம்படா. நக்கினால் வெண்குட்டம் வரும்."

"உது பாம்பே இல்லை, அண்ணை. பல்லிச் சாதி."

"எனக்குப் படிப்பிக்க வாறியோ?"

அன்றிலிருந்து நான் சமைத்த கறியை ஒருவரும் தொடவில்லை. என் துவாயைக்கூட வேறு கொடியில் போடச் சொன்னார்கள். பிளேன் ஏறி வந்தவர்கள் மூளையை ஊரிலேயே விட்டுவிட்டு வந்திருந்தார்கள்.

ஒரு சனிக்கிழமை வேலையால் வந்தபோது தொட்டியில் ஆவி பறந்துகொண்டிருந்தது. அண்ணை கேத்திலோடு நின்றார். பல்லி அவிந்து கிடந்தது. கொதிதண்ணீர் தெறித்து அவருடைய மணிக்கட்டும் வெந்திருந்தது. நல்லாய் வேணும் என்று நினைத்தேன்.

காயம் ஆறிய இடம் வெள்ளையாகவே நின்றுவிட்டது. இன்றைக்கும் கலியாண வீடுகளில் என்னைக் கண்டால், சட்டைக் கையை மடித்துச் சனத்துக்குக் காட்டுவார்.

"இவன் வளர்த்த பாம்பு நக்கினது."