மேட்டுக் கொல்லையில் நின்ற தண்ணீர்

சேத்தியாத்தோப்புப் பக்கம் எங்களுக்கு இருப்பது மழையை மட்டும் நம்பிய, மானம் பார்த்த புஞ்சைக் கொல்லை. அருகில் வாய்க்கால் ஓடுகிறது என்பதற்காக அதை நஞ்சை என்று சர்க்கார் கணக்கில் பதிந்துவிட்டார்கள். நஞ்சைத் தீர்வை கட்ட எங்கள் வரகு விளைச்சல் காணாது. நிலம் ஏலத்துக்குத்தான் போகும். சிதம்பரம் கோர்ட்டில் வழக்குப் போட்டேன். நிலத்தைப் பார்த்து அறிக்கை கொடுக்க ஒரு வக்கீலைக் கமிஷனராக நியமித்தார்கள்.

போன சித்திரையில் அவரை நானே அழைத்து வந்தேன். வரப்பில் ஏறிப் பார்த்தால், முன்பக்கப் பாத்திகளில் எல்லாம் தண்ணீர் நின்றது!

என் மனைவியின் தம்பி ஓடிவந்து காதோடு சொன்னான்: "பெரிய மனுசரு வர்றாரு, காஞ்சி வெடிச்ச கொல்லையையா காட்டுறது மாமா? பக்கத்துக் கெணத்துல நம்ம மாட்டப் பூட்டிக் கவலை ஓட்டித் தண்ணி எறச்சி உட்டுட்டேன்."

"தண்ணி நிக்குதேய்யா, இது நஞ்சைதானே?" என்றார் கமிஷனர்.

அவர் பார்வை கிணற்றடிக்குப் போயிற்று. எங்கள் மாடுகள் இரண்டும் நுரை தள்ளிக் கிடந்தன.

"வாய்க்கால் பாயிற நெலத்துக்கு மாடு ஏன் இந்தப் பாடு படணும்?" என்றவர், நடந்துபோய் வாய்க்காலைப் பார்த்தார். அது எங்கள் நிலத்தைவிட ஆளுயரப் பள்ளத்தில் கிடந்தது.

தீர்ப்பில் நிலம் புஞ்சை என்றே ஆனது. வலத்து மாடுதான் அன்றைக்குப் படுத்தது, எழவேயில்லை. இப்போது எந்த அதிகாரி வந்தாலும் வெடிப்பு தெரியத்தான் நிலத்தைக் காட்டுகிறோம்.