காய்க்காத பலா

எழுபதுகளின் கடைசியில் எங்கள் இங்கிலீஷ் வாத்தியார் திருப்பத்தூரிலிருந்து மலையேறி வருவார். வந்த களைப்பையெல்லாம் எங்கள் மேல்தான் இறக்கி வைப்பார். ஒரு வெள்ளிக்கிழமை அவர் இறக்கியது ‘ரூத்லெஸ்’ என்ற சொல். இரக்கமற்ற, கல்நெஞ்சம் கொண்ட, ஈவிரக்கம் பாராத. திங்கட்கிழமை ஒப்பிக்காவிட்டால் பிரம்படி.

மறுநாள் அம்மா என்னைத் தன் தம்பி வீட்டுக்குக் கூட்டிப்போனாள். பிரம்படிப் பயத்தில் வழியெல்லாம் அந்த அர்த்தங்களை முணுமுணுத்துக்கொண்டே நடந்தேன்.

மாமா வீட்டுக்குப் பின்னால் ஒரு பலா. ஆள் உயரம் தாண்டி வளர்ந்ததே தவிர, ஒரு பிஞ்சுகூட வைத்ததில்லை. எங்கள் மலையில் இதற்கு ஒரு வைத்தியம் உண்டு. ஒருவர் கோடாலியோடு போய் மரத்தை மிரட்டவேண்டும், இன்னொருவர் குறுக்கே வந்து கெஞ்சவேண்டும். பயந்துபோய் மரம் காய்த்துவிடும். வழக்கமாகப் பங்காளி யாராவது சிரிப்பை அடக்கிக்கொண்டு கெஞ்சுவார். அன்றைக்கு அம்மா, மாமாவின் பெண்டாட்டியான அத்தையைப் பார்த்து, “நீயே கேளு பொண்ணே, உனுக்குத் தெரியாததா?” என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அத்தைக்குக் குழந்தை இல்லை. என்னைத்தான் மடியில் போட்டுப் பேன் பார்ப்பாள்.

மாமா கோடாலியை ஓங்கினார். “காய்ப்பியா, மாட்டியா? இல்லாட்டி வெட்டிப் போட்டுட்டு வேற கன்னு வெச்சிக்கிறேன்.”

“வேணாங்க. இந்த ஒரு வருசம் வுட்டுடுங்க.”

ஒரு தடவை சொன்னால் போதும். அத்தை நிறுத்தவில்லை. மாமாவின் காலைக் கட்டிக்கொண்டு, “ஒரு வருசம், ஒரே ஒரு வருசம்” என்று கதறினாள். மாமா கோடாலியை இறக்கவும் இல்லை, அவளைக் குனிந்து பார்க்கவும் இல்லை. கோடாலி அத்தையின் தலைமேல்தான் விழப்போகிறது என்று வீறிட்டு அழுதேன். மாமா பட்டையில் இரண்டு கொத்து கொத்திவிட்டுப் போனார்.

அம்மா என் முதுகில் ஒன்று வைத்தாள். “மரத்த மெரட்னா உனுக்கு இன்னாடி வந்தது?”

திங்கட்கிழமை அர்த்தங்களைத் தடுக்காமல் ஒப்பித்தேன். வாத்தியார் உதாரணம் கேட்டார். கோடாலி என்றேன். ஆளைச் சொல் என்றார். எனக்கு ஆள் யாரும் தோன்றவில்லை.

அடுத்த வருடம் பலா அடிமரத்திலேயே காய்த்தது. வெட்டாமல் விட்ட மாமா நல்லவர் என்று எண்ணிக்கொண்டே தின்றேன். சுளை எடுத்துக் கொடுத்தது புது அத்தை. பழைய அத்தை பிறந்த ஊருக்குப் போயிருக்கிறாள், வந்துவிடுவாள் என்றாள் அம்மா. அவளுக்கென்று நாலு சுளையை இலையில் மடித்து வைத்தேன்.