தவணை மாறாது

ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியின் கட்டிங் செக்‌ஷனில் எனக்குப் பதினெட்டு வருட சர்வீஸ். தோலை அளந்து, வெட்டுகிறவர்களுக்குக் கொடுப்பது என் வேலை. இத்தனை ஜோடிக்கு இத்தனை அடி தோல் என்று கணக்கு உண்டு. யாராவது "தோல் பத்தலக்கா" என்று வந்து நின்றால் உடனே எடுத்துக் கொடுத்துவிட மாட்டேன். வெட்டின துண்டு, விழுந்த கழிவு எல்லாவற்றையும் கொண்டுவரச் சொல்லி, மேஜைமேல் மறுபடியும் ஒரு முழுத் தோலாக அடுக்கவைப்பேன். எங்காவது ஓட்டை விழுந்தால் அந்தத் துண்டு எங்கே என்று கேட்பேன். பாதிப் பேர் அடுக்கி முடிப்பதற்குள்ளேயே உண்மையைச் சொல்லிவிடுவார்கள். முதுகுக்குப் பின்னால் என்னைப் 'போலீஸ்காரம்மா' என்பார்கள். அதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது.

அந்தப் பெருமையோடுதான் வீடு வாங்கினேன். பேரணாம்பட்டு ரோட்டில் புது மனைப்பிரிவு, கட்டி முடித்த வீடு, அறுநூற்றைம்பது சதுர அடி என்றார் கட்டியவர். நான் கம்பெனி டேப்பை எடுத்துக்கொண்டு போய் மூலைக்கு மூலை அளந்தேன். பதினோரு சதுர அடி குறைந்தது. சுவரைத் தட்டினேன், எல்லாக் குழாயையும் ஒரே நேரத்தில் திறந்துவைத்தேன், மொட்டைமாடியில் இரண்டு குடம் தண்ணீர் ஊற்றி எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்த்தேன். என் கணவர் வாசலில் நின்று சிரித்தார். "வீட்டை வாங்க வந்தியா, அரெஸ்ட் பண்ண வந்தியா?" என்றார். கடைசியில் விலையில் முப்பதாயிரம் குறைக்கவைத்தேன். அன்று முழுக்க என் கால் தரையில் படவில்லை.

சேமிப்பும் என் நகையும் போக, பதினைந்து லட்சம் கடன். வேலூரில் ஒரு வீட்டுக்கடன் கம்பெனி கொடுத்தது. இருபது வருடம், எட்டு சதவீத வட்டி, மாதம் பன்னிரண்டாயிரத்து ஐந்நூற்று நாற்பத்தேழு ரூபாய். அந்த அதிகாரி, "வட்டி ஏறலாம், இறங்கலாம் மேடம். ஆனா உங்க தவணை மாறாது" என்றார். எனக்குத் தேவை அந்தக் கடைசி வார்த்தைதான். இங்கிலீஷில் நாற்பது பக்கம் இருந்தது. பதினோரு சதுர அடியைக் கண்டுபிடித்த நான், அந்த நாற்பது பக்கத்திலும் அவர் விரல் வைத்த இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன்.

தவணை என் கணவரின் கணக்கிலிருந்து போகும். அவர் வாணியம்பாடிப் பக்கம் தோல் பதனிடும் ஷாப் ஒன்றில் எலக்ட்ரீஷியன். ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி பிடித்ததும் "போச்சு" என்பார். எவ்வளவு என்று கேட்பேன். அதே பன்னிரண்டாயிரத்து ஐந்நூற்று நாற்பத்தேழு. மாறவே இல்லை. மாறாத ஒன்றைச் சந்தேகப்பட எனக்குத் தோன்றவில்லை.

கடன் கம்பெனி அனுப்பும் வருடக் கணக்குக் கவர் முதல் இரண்டு வருடமும் பழைய வாடகை வீட்டு விலாசத்துக்குப் போய்க்கொண்டிருந்திருக்கிறது. மூன்றாம் வருடம்தான் எங்கள் வீட்டுக்கு வந்தது. அன்று எனக்கு லீவு, அவர் ஷிப்டுக்குப் போயிருந்தார். பிரித்தேன். மூன்று வருடத்தில் நாங்கள் கட்டியது நாலரை லட்சம். பாக்கி பதினாலு லட்சத்து இருபத்திரண்டாயிரம் என்று போட்டிருந்தது. அதற்குக் கீழே, மீதித் தவணை: முந்நூற்றுப் பதினாலு.

அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தேன். பன்னிரண்டால் வகுத்தேன். இருபத்தாறு வருடம். இருபது வருடக் கடனில் மூன்று வருடம் கட்டிய பிறகு பதினேழுதானே இருக்க வேண்டும்? எனக்கு அப்போது முப்பத்தொன்பது வயது. கம்பெனியில் ஐம்பத்தெட்டோடு வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். இந்தக் காகிதப்படி அறுபத்தைந்து வயது வரைக்கும் நான் தவணை கட்ட வேண்டும், அவர் அறுபத்தொன்பது வரைக்கும்.

யார் தப்பு செய்திருப்பார்கள் என்று யோசிக்க எனக்கு ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை. கடன் கம்பெனி என் நினைவுக்கே வரவில்லை. என் கணவர்தான் வந்தார்.

பீரோவிலிருந்து அவருடைய பாஸ்புக்கை எடுத்து, கடையில் கொடுத்து ஜெராக்ஸ் போட்டு, கூடத்துத் தரையில் மாதவாரியாக அடுக்கினேன். முப்பத்தாறு மாதம், முப்பத்தாறு தவணை. ஒரு மாதம்கூட விடுபடவில்லை. வேறு யாராவது இருந்தால் அத்தோடு மனசு ஆறியிருக்கும். என் வேலையில் பழக்கம் வேறு. துண்டெல்லாம் சரியாக இருந்தும் கணக்கு இடித்தால், இரண்டாவது தோல் ஒன்று எங்கேயோ வெட்டப்பட்டிருக்கிறது என்று அர்த்தம். அப்படியானால் எனக்குத் தெரியாமல் அவர் வீட்டின்மேல் இரண்டாவது கடன் வாங்கியிருக்கிறார்.

யாருக்காக என்பதும் தயாராக இருந்தது. குடியாத்தத்தில் என் நாத்தனார் வீட்டில் லுங்கி நெய்யும் பவர்லூம் போட்டிருக்கிறார்கள். அந்த வருடம்தான் அங்கே இரண்டு புதுத் தறி இறங்கியது. தறி இறங்கின மாதம் என் கணவர் தொடர்ந்து மூன்று ஞாயிற்றுக்கிழமை அங்கே போய் வந்தார். ஒயரிங் வேலை என்று சொன்னார். அப்போது நம்பினேன். இப்போது அந்த மூன்று ஞாயிறும் வரிசையாக வந்து என் முன்னால் நின்றன.

மூன்று வாரம் நான் வாயைத் திறக்கவில்லை. அவர் குளிக்கப் போகும்போது போனைப் பார்த்தேன். சட்டைப் பையைத் துவைப்பதற்கு முன்னால் மட்டுமில்லை, துவைத்த பிறகும் பார்த்தேன். தங்கச்சியோடு போனில் பேசினால் கதவோரம் நின்றேன். எதுவும் கிடைக்கவில்லை. கிடைக்காததே எனக்குச் சாட்சியாக இருந்தது. இவ்வளவு சுத்தமாக மறைக்கிறார் என்றால் தொகை பெரிசுதான் என்று முடிவு கட்டினேன்.

நாலாவது ஞாயிற்றுக்கிழமை நானே, "குடியாத்தம் போய்ட்டு வரலாமா?" என்றேன். அவருக்கு ஆச்சரியம். வழியில் தங்கச்சிக்குப் பிடித்த பக்கோடா வாங்கிக்கொண்டார்.

தறிக் கொட்டகையில் நாலு தறியும் ஓடிக்கொண்டிருந்தன. பக்கத்தில் இருப்பவர் பேசுவதுகூடக் கேட்காது. நாத்தனாரின் வீட்டுக்காரர் பெருமையாகப் புதுத் தறிகளைக் காட்டினார். நாத்தனார் டீ கொண்டுவந்து கொடுத்தாள். நான் தறியைத் தடவிப் பார்த்துக்கொண்டே, "விலை ஜாஸ்தி இருக்குமே. பணம் எங்க பொரட்டினீங்க?" என்று கத்தினேன்.

"எப்டியோ பொரட்டினோம் அண்ணி" என்று அவளும் கத்தினாள்.

"எப்டியோன்னா? எங்க வீட்டு மேலயா?"

அந்த நேரம் பார்த்துக் கரண்ட் போனது. நாலு தறியும் ஒரே மூச்சில் நின்றன. 'எங்க வீட்டு மேலயா' என்பது மட்டும் கொட்டகை முழுக்கக் கேட்டது. நூல் போட்டுக்கொண்டிருந்த இரண்டு பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். என் கணவர் கையில் டீ டம்ளரோடு அப்படியே நின்றார்.

நாத்தனார் உள்ளே போய் ஒரு பிளாஸ்டிக் கவரைக் கொண்டுவந்தாள். அடகுச் சீட்டுகள். அவள் கல்யாணத்துக்கு அண்ணன் போட்ட வளையல், ஆரம், கம்மல் எல்லாம் அந்தக் கவருக்குள் காகிதமாக இருந்தன. "எடுத்துப் பாருங்க அண்ணி" என்றாள். எனக்குக் கை நீளவில்லை. அவர்தான் அந்தக் கவரை வாங்கி மடித்து அவளிடமே திருப்பிக் கொடுத்தார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் கூட்டம் கம்மி. இருந்தும் அவர் எனக்கு முன் சீட்டில் தனியாக உட்கார்ந்தார். ஆம்பூர் நெருங்கும்போது திரும்பாமலே கேட்டார்.

"எத்தினி நாளா இப்டி நெனச்சிக்கினு இருந்த?"

"மூணு வாரமா."

"மூணு வாரமா. நெனச்சிக்கினே எனக்கு சோறு போட்டுக்கினு இருந்திருக்க."

எனக்குச் செத்துவிடலாம் போல இருந்தது. ஆனாலும், இதை ஒளிக்காமல் சொல்ல வேண்டும், அப்போதும் மூளையில் ஒரு ஓரம் கேட்டுக்கொண்டிருந்தது: தறிக்கு இல்லையென்றால் அந்த ஒன்பது வருடம் எங்கேதான் போனது?

மறுநாள் இரண்டு பேரும் லீவு போட்டுவிட்டு வேலூர் போனோம். கவுண்டரில் இருபத்தைந்து வயது மதிக்கத்தக்க பெண். எங்கள் கடன் எண்ணைத் தட்டிப் பார்த்தாள்.

"ஒரே லோன்தான் மேடம். வேற எதுவும் இல்ல."

"அப்ப பதினேழு வருஷம் எப்டிம்மா இருபத்தாறாச்சு?"

"வட்டி ஏறிடுச்சு மேடம். எட்டுல இருந்து ஒம்பதே முக்காலுக்கு. தவணைய ஏத்தல, அதுக்கு பதிலா மாசத்த ஏத்திட்டாங்க."

கம்ப்யூட்டர் திரையை எங்கள் பக்கம் திருப்பினாள். அந்த மாதம் கட்டிய பன்னிரண்டாயிரத்துச் சொச்சத்தில் அசலில் கழிந்தது ஆயிரம் ரூபாய்கூட இல்லை. மீதி அத்தனையும் வட்டி. மூன்று வருடத்தில் நாலரை லட்சம் கட்டி, கடன் குறைந்தது எழுபத்தெட்டாயிரம். இப்படியே கடைசி வரைக்கும் கட்டினால் மொத்தம் எவ்வளவு என்று கேட்டேன். அவள் தயங்கிவிட்டுச் சொன்னாள். கிட்டத்தட்ட நாற்பத்துநாலு லட்சம். வாங்கினது பதினைந்து. எங்கள் வீட்டைப் போல இரண்டு வீட்டின் விலையைக் கட்டிவிட்டு, ஒரு வீட்டில் குடியிருக்கப் போகிறோம்.

தவணை மாறாது என்று சொன்னவர் பொய் சொல்லவில்லை. அதுதான் எனக்கு ஆத்திரமாக வந்தது. யாரும் திருடவில்லை, யாரும் ஏமாற்றவில்லை, எல்லாம் நான் கையெழுத்துப் போட்ட காகிதத்திலேயே இருக்கிறது.

"எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்லணும்ல?" என்று சண்டைக்குப் போனேன்.

"மெசேஜ் அனுப்பியிருக்கோமே மேடம். தவணைய ஏத்தணுமா, வருஷத்த ஏத்தணுமான்னு கேட்டு. ரெண்டு தடவ. பதில் வரலன்னா வருஷம்தான் ஏறும்."

எந்த நம்பருக்கு என்று கேட்டார் என் கணவர். அவள் படித்தாள். என் நம்பர். கடன் வாங்கும்போது, எந்தச் செய்தி வந்தாலும் எனக்குத்தான் வர வேண்டும் என்று அடம்பிடித்து நான் எழுதிக்கொடுத்த நம்பர். அந்த மெசேஜ் எனக்கு ஞாபகம் வந்தது. இங்கிலீஷில் இருந்தது, கீழே ஒரு லிங்க். பணம் பிடுங்குகிற கும்பல் என்று அழித்துவிட்டேன். மதியச் சாப்பாட்டின்போது, "இப்டி ஏதாவது வந்தா தொடவே தொடாதீங்க" என்று செக்‌ஷனுக்கே புத்தி சொன்னேன். வேறு நாளாக இருந்தால் இதை வைத்து என் கணவர் ஒரு மாதம் என்னை ஓட்டியிருப்பார். அன்று அவர் சிரிக்கவில்லை.

அந்தப் பெண் வேறொரு கணக்குப் போட்டுக் காட்டினாள். மாதம் ஆயிரத்து எழுநூற்று ஐம்பத்தெட்டு ரூபாய் கூடுதலாகக் கட்டினால் பழையபடி பதினேழு வருடத்தில் முடிந்துவிடும். மொத்தத்தில் பத்து லட்சம் மிச்சம். என்னால் நம்ப முடியவில்லை. ஒன்பது வருடத்தின் விலை மாதம் இவ்வளவுதானா?

"இத சொல்றதுல உனக்கு இன்னாம்மா லாபம்?" என்றேன்.

அவள் கோபித்துக்கொள்ளவில்லை. "எங்கப்பாவும் இங்கதான் வாங்கியிருக்காரு மேடம். நானே போன மாசம்தான் எங்க கணக்கப் பார்த்தேன்" என்றாள்.

இந்த முறை விண்ணப்பத்தை வரிக்கு வரி அவளைப் படித்துச் சொல்லவைத்து, பிறகு கையெழுத்துப் போட்டேன். கூடுதல் தொகையை ஓவர்டைம் பார்த்துக் கட்டுவதாக அவர் அந்தப் பெண்ணிடம் சொன்னார். என்னிடம் சொல்லவில்லை.

நாத்தனாருக்குப் போன் செய்து மன்னிப்புக் கேட்டேன். "பரவால்ல அண்ணி, அடுப்புல பால் இருக்கு" என்று வைத்துவிட்டாள். பிறகு நானாகப் பேசினால்தான் பேச்சு. அவரிடமும் அழுதே மன்னிப்புக் கேட்டேன். "விடு, பேஜார் பண்ணிக்காத" என்றார். அதற்குப் பிறகு ஒரு நாளும் அதைச் சொல்லிக் காட்டியதில்லை.

ஆனால் ஒன்று செய்கிறார். ஒவ்வொரு முதல் தேதியும் சம்பளச் சீட்டையும், கணக்கு திறந்திருக்கும் போனையும் என் தட்டுக்குப் பக்கத்தில் வைக்கிறார். முதல் மாதம் "வேணாங்க" என்றேன். "இல்ல, பார்த்துக்கோ" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போய்விட்டார். கோபமே இல்லாத குரல். இப்படிப் பதினோரு மாதம் ஆகிறது. இந்த மாதமாவது தொடக்கூடாது என்று ஒவ்வொரு தடவையும் நினைக்கிறேன். குளியலறையில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டதும் எடுத்துக் கூட்டிப் பார்க்கிறேன். அசிங்கமாகத்தான் இருக்கிறது. பார்க்கிறேன்.

போன மாதம் ஓவர்டைமில் அறுநூறு ரூபாய் குறைந்தது. நான் கேட்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு சோறு பரிமாறினேன். அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தானாகவே சொன்னார்.

"ரெண்டு நாள் நல்ல ஜுரம். ஓவர்டைம் பார்க்க முடியல. ஷாப்லயே மாத்திரை போட்டுக்கினு படுத்துட்டேன்."

அவருக்கு ஜுரம் வந்த விஷயமே அந்தச் சீட்டில் குறைந்த அறுநூறு ரூபாயால்தான் எனக்குத் தெரிந்தது.