அழித்த காட்சி

ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் லாரி கடந்து போகும்போதெல்லாம் அந்த டைரக்டர் நினைவுக்கு வருவார். திருச்செங்கோட்டில் போர் போடும் வேலைக்கு வந்த வடநாட்டுக்காரர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்க வந்தவர். ரிக் வண்டியோடு வடக்கே சுற்றிய காலத்தில் நான் கற்ற இந்திக்காக என்னைத் துணைக்குக் கூட்டிக்கொண்டார். நரைத்த முடியை ஒட்ட வெட்டியிருப்பார். யாரைப் படம் பிடித்தாலும் பதிவை அவருக்கே போட்டுக் காட்டிவிட்டுத்தான் எழுந்திருப்பார்.

ஒடிசாக்காரர் ஒருவர், குழாயில் சிக்கி விரல்கள் போனதையும், மறுநாளே முதலாளி வேலையை விட்டு நிறுத்தியதையும் சொன்னார். ஒவ்வொரு வரியாக நான் மொழிபெயர்த்தேன். பதிவைப் பார்த்ததும், "அழிச்சிடுங்க. அம்மாவுக்கு இன்னும் தெரியாது" என்று அந்தக் கையாலேயே கும்பிட்டார்.

டைரக்டர் அவர் கண்ணெதிரிலேயே அழித்தார்.

"ஏனுங்க, இதுக்குத்தானுங்களே இத்தனை தூரம் வந்தீங்க?" என்றேன்.

"ஆமாங்க. ஆனா அவங்கம்மாகிட்ட அவருதானே சொல்லணும்?"

பிறகு சேலத்தில் படத்தைத் திரையிட்டபோது போயிருந்தேன். முடிந்ததும் எல்லோரும் எழுந்து கைதட்டினார்கள். டைரக்டர் மட்டும் கடைசி வரிசையில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். அழித்த அந்தக் காட்சி படத்தில் இருந்திருக்கலாம் என்று என்னைப் போலவே அவரும் நினைத்தாரோ என்னவோ, நான் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன்.