உள்வாட்டம்

கல்லக்கா எங்கள் எதிர்வீடு. பெற்றவர்கள் வைத்த பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவளே திரும்பிப் பார்க்க மாட்டாள். வீட்டு வாசல்களில் டைல்ஸ் கல் பதிப்பது அவள் தொழில். கேட்டிலிருந்து கதவு வரைக்கும் மண்ணைத் தோண்டி, இடித்து இறுக்கி, கலவை விரித்து, நூல் பிடித்து, கல்லோடு கல்லைச் சேர்த்து ரப்பர் சுத்தியலால் தட்டித் தட்டி உட்காரவைப்பாள். கலவை போட்டுக் கொடுப்பது அவள் புருஷன். மற்ற இடங்களில் புருஷன் கல் வைப்பான், பெண்டாட்டி சட்டி தூக்குவாள், இங்கே தலைகீழ். யார் கிண்டல் செய்தாலும் அந்த மனுஷன் கோபித்துக்கொள்ள மாட்டார். “எனக்குக் குனிஞ்சா இடுப்பு பிடிக்கும், அவளுக்கு நிமிர்ந்தா பிடிக்கும். பார்த்துத்தான் சேர்த்து வெச்சிருக்காங்க” என்பார்.

நான் துணி தைக்கிறவள். மெஷினை ஜன்னலோரம் போட்டிருக்கிறேன். ஆகவே இந்தக் கதையில் கொஞ்சம் நான் கண்ணால் பார்த்தது. மற்றதெல்லாம் நான் பொத்தான் தைத்துக்கொண்டிருக்கும்போது அவள் பக்கத்தில் உட்கார்ந்து சொன்னது.

ஆரம்பத்தில் அவள் தனியாகத் தொழில் செய்யவில்லை. அக்கா புருஷன் பெரிய மேஸ்திரி. அந்த மாமாவிடம்தான் இவளும் புருஷனும் வேலைக்குப் போனார்கள். நாளாக ஆக வீட்டுக்காரர்கள், “அந்தப் பொண்ணே வந்து கல்லு வெக்கட்டும்” என்று கேட்க ஆரம்பித்தார்கள். மாமா சிரித்துக்கொண்டே சரி என்பார். அந்தச் சிரிப்பு பல்லோடு நின்றுவிடும்.

ஒரு டாக்டரம்மா வீட்டில் வேலை நடந்தபோது அந்தம்மாவின் தங்க வளையல் காணாமல் போனது. குளிக்கப் போகும்போது கழற்றி வைத்தாளாம், வந்து பார்த்தால் இல்லை. வாசலுக்கு வந்து, உள்ளே யார் வந்தது என்று கேட்டாள். தண்ணீர் பிடிக்க எல்லோருமே போயிருந்தார்கள், மாமாவும்தான். அவர் கையிலிருந்த கலவைக் கரணையைக்கூடக் கீழே வைக்கவில்லை. தலையை மட்டும் கொழுந்தியாள் பக்கம் ஆட்டி, “அவ பையைப் பாருங்கம்மா” என்றார்.

பையைக் கவிழ்த்தார்கள். சோற்று டப்பாவைத் திறந்து ஸ்பூனால் கிளறினார்கள். கட்டியிருந்த துணியை உதறச் சொன்னார்கள். கடைசியில் கொண்டையை அவிழ்க்கச் சொன்னார்கள். சிமென்ட் தூசி படிந்த முடியைத் தெருவே பார்க்க அவிழ்த்து உதறிவிட்டு நின்றாள். ஒன்றும் கிடைக்கவில்லை. கிடைக்கவில்லை என்பதற்காக நல்லவள் என்று யாரும் சொல்லவில்லை. எங்கேயோ ஒளித்துவிட்டாள், கெட்டிக்காரி என்றுதான் பேசிக்கொண்டார்கள்.

அதற்குப் பிறகு வேலைக்குப் போன வீடுகளில் இவள் தாகம் என்றால் டம்ளர் ஜன்னல் கம்பி வழியாகத்தான் வெளியே வரும். உள்ளே பீரோ பூட்டுகிற சத்தம் கேட்கும். அக்கா வீட்டோடு போக்குவரத்தும் நின்றது. வழியில் மாமா எதிர்ப்பட்டால் செருப்பைச் சரிசெய்வதுபோலக் குனிந்துகொள்வார்.

வருஷங்கள் ஓடின. இவர்கள் தனியாக வேலை பிடித்துப் பிழைத்தார்கள். ஒரு நாள் வேலை செய்துகொண்டிருந்த வீட்டில் புதிதாகச் சேர்ந்திருந்த சமையல்காரம்மா டீ கொண்டுவந்து கொடுத்தாள். கொடுத்தவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

“நீங்க டாக்டரம்மா வீட்டுல வேலை செஞ்சவங்கதானே? நான் அப்ப அங்கதான் சமையல். பாவம், உங்களை என்ன பாடு படுத்திட்டாங்க. வளையல் மறுநாளே கிடைச்சிடுச்சு, வாஷிங் மெஷினுக்குப் பின்னால. அம்மா துடிச்சுப் போயிட்டாங்க. உங்க மேஸ்திரியைக் கூப்பிட்டு, அந்தப் பொண்ணுகிட்ட நான் மன்னிப்புக் கேட்டேன்னு சொல்லுங்கன்னாங்க. சொல்லியிருப்பாரே?”

“சொல்லல” என்றாள் கல்லக்கா. டீ அப்படியே ஆறிப்போனது.

வீட்டுக்கு வந்து புருஷனிடம் சொன்னாள். அவர் சட்டையை மாட்டிக்கொண்டு, “வா, இப்பவே போய்க் கேப்போம்” என்றார்.

“கேட்டா என்ன சொல்வாரு? ‘மறந்துட்டேன்மா’ம்பாரு. அக்கா கண்ணைத் துடைச்சிக்கிட்டே பிஸ்கட் எடுத்து வெப்பா. நாமளும் தின்னுட்டு வரணுமா? உக்காருங்க.”

அன்றிலிருந்து அவளைப் பார்க்க எனக்கே பயமாக இருந்தது. கத்தவில்லை, அழவில்லை. சாப்பிட்டாள், வேலைக்குப் போனாள். ஆனால் பேச்சுக்கு நடுவில் திடீரென்று எங்கேயோ வெறித்துப் பார்த்தபடி பல்லைக் கடிப்பாள். கடிக்கிற சத்தம் எனக்குக் கேட்கும்.

இதற்கிடையில் மாமாவுக்கு வாதம் வந்து வலது கையும் காலும் தளர்ந்துபோயிருந்தது. கட்டிக்கொண்டிருந்த புது வீட்டுக்கு, படி ஏற முடியாது என்பதால் படியே வைக்காமல் தரையோடு தரையாகக் கதவு வைத்துவிட்டார். மகளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. சம்பந்தி வீட்டார் வருவதற்குள் வாசலை முடிக்க வேண்டும். அவருடைய ஆட்கள் போட்ட கல்லோ ஒன்று ஏறியும் ஒன்று இறங்கியும் கிடந்தது. மேஸ்திரி வீட்டு வாசலே இப்படியா என்று பார்த்தவர்கள் சிரித்தார்கள். எல்லாவற்றையும் பெயர்த்துப் போடச் சொல்லிவிட்டார்.

அப்புறம்தான் அக்கா தெருவுக்குள் வந்தாள். நான் ஜன்னலில் இருந்தேன். தங்கச்சி வீட்டு வாசலில் நின்று உள்ளே வரலாமா என்பதுபோல எட்டிப் பார்த்தாள்.

“பழசையெல்லாம் மனசுல வெச்சிக்காதேடி. மாமா உன் பேரைத்தான் சொன்னாரு. நீ வெச்சா கல்லு பேசும்னாரு. வந்து போட்டுக் குடுக்கிறியா?”

கல்லக்கா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு அக்காவையே கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு, “வரேன்க்கா” என்றாள். அவ்வளவு இனிமையாக அவள் பேசி நான் கேட்டதே இல்லை.

வேலை தொடங்கியது. மாமா கதவருகே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். வளையலைப் பற்றி அவரும் பேசவில்லை, இவளும் பேசவில்லை. இவள் மண்ணை இறுக்கி, இரண்டு பக்கக் காம்பவுண்டுச் சுவருக்கும் நடுவே ஆணி அடித்து நூல் கட்டினாள். வாசல் வேலையில் முக்கியம் வாட்டம்; அதாவது, விழுகிற தண்ணீர் வீட்டைவிட்டு விலகி ரோட்டுப் பக்கம் ஓடுகிற மாதிரி கண்ணுக்குத் தெரியாத ஒரு சரிவு. இவள் கேட்டுப் பக்கம் நூலை உயர்த்தி, கதவுப் பக்கம் இறக்கிக் கட்டினாள்.

கலவைச் சட்டியோடு வந்த புருஷன் நூலைப் பார்த்தார். குனிந்து இன்னொரு முறை பார்த்தார். மெல்லிய குரலில், “வாட்டம் உள்ள போகுதே” என்றார்.

“தெரியும்.”

“தெரிஞ்சேவா?”

“நூல் கட்டினது யாரு?”

அவர் மாமாவைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். சட்டியை இறக்கிவைத்தார். “சரி. கலவை கெட்டியா வேணுமா, இளக்கமா வேணுமா?”

“நல்லா கெட்டியா. பேர்க்கவே முடியக் கூடாது.”

மாமா அந்தக் காலத்து மாமாவாக இருந்திருந்தால் எழுந்து வந்து ஒரு கண்ணை மூடி நூலோடு நூலாகப் பார்த்திருப்பார். இப்போது நாற்காலியிலிருந்து பார்க்க, வரிசை பிசகாமல் பளபளவென்று கல் விரிந்துகொண்டே வந்தது. அக்கா மத்தியானம் தன் கையாலேயே தட்டில் சோறு போட்டுக் கொண்டுவந்தாள். கல்லக்கா சாப்பிட்டாள். “ஒவ்வொரு கல்லையும் தட்டும்போது அந்தாளு மண்டையிலதான் தட்டினேன். அவ்வளவு சுகமா வேலை செஞ்சதே இல்ல” என்று என்னிடம் பிறகு சொன்னாள்.

கடைசி நாள் சாயங்காலம் சம்பந்தி வீட்டார் வந்துவிட்டார்கள். மாப்பிள்ளையின் அப்பா வாசலில் நின்று, “அருமையா இருக்கே, யாரு போட்டது?” என்றார். மாமாவுக்குப் பெருமை தாங்கவில்லை. “நம்ம கொழுந்தியாதான். நான் பக்கத்துலேயே உக்காந்து சொல்லச் சொல்லப் போட்டா” என்று சொல்லி, கல்லின் நிறத்தைக் காட்டுவதற்காகக் குவளைத் தண்ணீரை இடது கையால் ஊற்றினார்.

தண்ணீர் கேட்டைப் பார்க்கப் போகவில்லை. திரும்பிக் கதவைப் பார்த்து நெளிந்து நெளிந்து வந்தது. வந்து மாமாவின் செருப்பு நுனியைத் தொட்டு நின்றது.

மாமா முகம் வெளுத்தது. ஓரத்தில் வாளியில் கரணை கழுவிக்கொண்டிருந்த கல்லக்கா நிமிர்ந்தாள்.

“என்னம்மா இது, வாட்டம்…”

“என்ன மாமா? தப்பா இருக்கா? எல்லாரும் இருக்காங்க, சத்தமாவே சொல்லுங்க. நீங்க இதைச் சொல்லுங்க, நான் வளையலைச் சொல்றேன். வாஷிங் மெஷினுக்குப் பின்னால கிடைச்சுதே, அந்த வளையல்.”

“என்ன வளையல்?” என்றார் மாப்பிள்ளையின் அப்பா.

மாமா செருப்பால் ஈரத்தைத் தேய்த்தார். “அது ஒண்ணுமில்லீங்க, சின்ன வயசு விளையாட்டுப் பேச்சு. வாட்டமெல்லாம் சரியாத்தான் இருக்கு. ரொம்ப நல்லா போட்டிருக்கா” என்றார். கல்லக்கா வாளியைத் தூக்கிக்கொண்டு, வந்தவர்களிடம் சொல்லிக்கொண்டு கிளம்பினாள்.

மாமா குடும்பம் புது வீட்டுக்குக் குடிபோனது. கல்யாணத்துக்கு முன்பே மழை வந்துவிட்டது. சும்மா தூறல் இல்லை, நின்று அடித்த மழை. எங்கள் தெருவில் எல்லோரும் ஜன்னலைச் சாத்த ஓட, கல்லக்கா மட்டும் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். மழை வலுக்க வலுக்க அவள் முகம் தெளிந்துகொண்டே வந்தது. அவ்வளவு கொடுமையான சந்தோஷத்தை நான் ஒரு முகத்தில் பார்த்ததில்லை.

மழை விட்டதும் அக்கா வந்தாள். முழங்கால் வரை துணி நனைந்து சேறாகியிருந்தது.

“ஹால் பூரா தண்ணிடி. கட்டில் காலெல்லாம் ஊறிப் போச்சு. கல்யாணத்துக்கு வாங்கி வெச்ச துணி, பெட்டியோட போச்சு. விடியறதுலேருந்து நான்தான் வாரி வாரி ஊத்தறேன். அவரால குனியக்கூட முடியல. என்னடி பண்ணி வெச்சிருக்க?”

அந்த ஒரு நிமிஷம் கல்லக்காவுக்கு மனசு இளகியதாம். மாமாவை நினைத்துப் போட்ட கல், அக்கா இடுப்பை அல்லவா உடைக்கிறது. உட்கார வைத்து, வளையல் கிடைத்த விஷயத்தைச் சொன்னாள். அந்தாளு மறைத்துவிட்டார், உனக்கும் சொல்லாமல் ஏமாற்றிவிட்டார், அதனால்தான் இப்படிப் போட்டேன் அக்கா என்றாள்.

அக்கா தலையைக் குனிந்துகொண்டாள். “எனக்குத் தெரியும்டி.”

“என்ன தெரியும்?”

“கிடைச்ச அன்னிக்கே வந்து சொன்னாரு. உன்கிட்ட சொல்லிடறேன்னாரு. நான்தான் வேண்டாம்னேன். சொன்னா, ஏன் வாய் கூசாம அவ பேரைச் சொன்னீங்கன்னு நாலு பேர் அவரைக் கேப்பாங்களே. எங்க மானம் போயிடுமேன்னு…”

கல்லக்கா வீட்டுக்குள் கொடியில் காய்ந்த துண்டை எடுத்து அக்காவின் மடியில் போட்டாள்.

“போக்கா. போய்த் தண்ணியைத் துடை.”

மழைக்காலம் முழுக்க அப்படித்தான் போனது. வந்து பார்த்த கொத்தனார்களெல்லாம், மழை முடியாமல் பெயர்க்க முடியாது என்று சொல்லிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். யாராவது கல்லக்காவிடமே கேட்டால், “மாமாதான் பக்கத்துல உக்காந்து சொல்லச் சொல்லப் போட்டேன். பெரியவர் பேச்சை நான் தட்ட முடியுமா? சம்பந்திகிட்டகூட அவரே சொன்னாரே” என்பாள். பச்சைப் பொய். கண்ணைச் சிமிட்டாமல் சொல்வாள். அவரால் மறுக்கவும் முடியவில்லை. ஊரெல்லாம் வாசல் போட்ட மனுஷனுக்கு ‘உள்வாட்ட மேஸ்திரி’ என்று பெயர் வந்துவிட்டது. கடைக்குப் போனால், “மேஸ்திரி, தண்ணி உங்க பின்னாலேயே வருதா?” என்று கேட்டார்கள். கடைக்குப் போவதை நிறுத்தினார்.

கடைசியில் ஒரு காலையில் ஆட்டோ பிடித்து மாமாவே எங்கள் தெருவுக்கு வந்தார். குழாயடியில் கூட்டம். கல்லக்கா வாசலில் சட்டி கழுவிக்கொண்டிருந்தாள். எழுந்திருக்கவில்லை.

“என்னம்மா வேணும் உனக்கு?”

“உங்களுக்குத் தெரியும்.”

அவர் தடியை ஊன்றிக்கொண்டு ஏதோ முணுமுணுத்தார்.

“கேக்கல மாமா. அன்னிக்குப் பையைப் பாருங்கன்னு சொன்னீங்களே, அந்தக் குரல்ல சொல்லுங்க.”

குழாயடியில் ஒருத்தி குழாயை மூடினாள். நான் மெஷினை நிறுத்தினேன். மாமா ஆட்டோக்காரரைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார்.

“வளையலை இவ எடுக்கல. மறுநாளே கிடைச்சிடுச்சு. நான் மறைச்சிட்டேன். இவ மேல பழியைப் போட்டது நான்தான்.”

சொல்லும்போது வாய் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டது. பரிதாபமாகத்தான் இருந்தது. கல்லக்காவின் புருஷன்கூட முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவள் மட்டும் கடைசிச் சொல் வரைக்கும் அவர் முகத்தைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

“சரி” என்றாள்.

“அப்ப வாசலை மாத்திப் போட்டுக் குடுக்கிறியா?”

“அதுக்கு வேற ஆளைப் பாருங்க மாமா. எனக்கு வேலை இருக்கு.”

வேறு ஆட்கள்தான் வந்து பெயர்த்தார்கள். கலவை அவ்வளவு கெட்டி. பாதிக் கல் உடைந்துதான் வந்ததாம். கல்யாணம் நல்லபடியாக நடந்தது. பெண் தானே வந்து சித்தியை அழைத்தாள், இவளும் போய்ச் சாப்பிட்டுவிட்டு வந்தாள். அக்காவோடு பேச்சு இல்லை. மாமா முதலில் தப்பிக்கப் பார்த்துச் செய்தார், அக்கா யோசித்துச் செய்தாள் என்பாள். அதை மட்டும் அவளால் விட முடியவில்லை.

“போதும்னு தோணலையாக்கா?” என்று ஒரு நாள் கேட்டேன்.

வெட்டுப்பட்ட விரலுக்கு என் துணிக்கூடையிலிருந்து ஒரு கிழிசலை எடுத்துச் சுற்றிக்கொண்டே யோசித்தாள். “அவரு சொன்னப்ப நல்லா இருந்துச்சு. ரொம்ப நல்லா இருந்துச்சு. இன்னும் ரெண்டு தடவை சொல்லச் சொல்லியிருக்கலாம்” என்றாள்.