மேட்டூருக்கு மேலே

பள்ளிக்கூடத்தின் வடக்குச் சுவரில் நான் வரைந்த காவிரி இன்னும் இருக்கிறது. நீல எனாமல் பெயிண்ட். மேட்டூரில் தொடங்கி, கல்லணையில் கிளை பிரிந்து, கடலில் முடியும். தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர்களுக்கு ஆறு அணையில்தான் பிறக்கிறது. மேட்டூர் திறந்தாச்சா என்று கேட்டுத்தான் நாற்றங்காலில் விதை விடுவோம். புவியியல் டீச்சரான நான் வகுப்பில் குடகு என்று ஒப்பிப்பேன். கை மட்டும் மேட்டூரில் தொடங்கிவிட்டது.

அதை வரைந்த வருஷம்தான் வரலாற்று டீச்சர் மாற்றலாகி வந்தார். ஒகேனக்கல்லுக்கு மேலே, காவிரி மலைகளுக்கு நடுவில் இரண்டு மாநிலங்களுக்கும் எல்லையாக ஓடுகிற இடத்தில் அவருடைய ஊர். அப்பா பரிசல் ஓட்டியவர். என் வகுப்பில் கொட்டாவி விட்ட பிள்ளைகள் அவரிடம் ஆற்றுக் கதை கேட்க மதியச் சாப்பாட்டைக்கூடப் பாதியில் விட்டு ஓடினார்கள். ஒருநாள் ஜன்னலோரம் நின்று நானும் கேட்டேன். "எங்க அப்பாவோட அத்தை வீடு அக்கரையில. மாநிலம் பிரிச்சப்ப அவங்க இருந்த இடத்துலயேதான் இருந்தாங்க. நடுவுல ஓடுன ஆறு எல்லையாயிடுச்சு" என்று சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு வயிறு எரிந்தது. ஆறு என் பாடம். நான் அதைப் புத்தகத்தில் படித்தேன், அவர் அதில் குளித்து வளர்ந்திருந்தார்.

சுவரைப் பார்த்துவிட்டு, "மேட்டூருக்கு மேலயும் ஆறு இருக்குதுங்க டீச்சர். நான் கொஞ்சம் சேர்த்துடட்டுமா?" என்றார். பெயிண்ட் தீர்ந்துவிட்டது என்றேன். அரை டப்பா பீரோவில் இருந்தது. மறுநாள் அவர் நீலச் சாக்பீஸால் வரைந்திருந்தார். மலைகளுக்கு நடுவே ஒவ்வொரு வளைவும் இருந்தது. கிழக்குக் கரையில் தன் வீட்டுக்கு ஒரு புள்ளி, மேற்குக் கரையில் அத்தை வீட்டுக்கு ஒரு புள்ளி. பிள்ளைகள் எல்லாரும் அங்கேயே நின்றார்கள். என் ஆற்றின் பக்கம் ஒருத்தரும் திரும்பவில்லை. சாயங்காலம் பள்ளி காலியானதும் ஈரத் துணியால் துடைத்தேன். அந்த இரண்டு புள்ளிகளையும் அழுத்தியே துடைத்தேன்.

காலையில் பிள்ளைகள் யார் அழித்தது என்று கேட்டபோது அவர் கண் என் கைப்பைக்குப் போனது. துடைத்த துணியின் நீல நுனி வெளியே தொங்கிக்கொண்டிருந்தது. "ராத்திரி சாரல் அடிச்சிருக்கும்ப்பா" என்றார். அந்த வாரம் ஒரு சொட்டு மழை இல்லை. அந்தப் பெருந்தன்மை எனக்கு வரவில்லையே என்று அதற்கும் சேர்த்துப் பொறாமைப்பட்டேன். அவர் மறுபடி வரையவில்லை. இரண்டு வருஷத்தில் மாற்றல் வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

ஓய்வு பெற்ற பிறகு, போன மாதம்தான் ஒகேனக்கல்லுக்கு மேலே ஓடுகிற அந்த ஆற்றைப் பார்த்தேன். பரிசலில் உட்கார்ந்திருந்தபோதும் எரிச்சல் அடங்கவில்லை. இவ்வளவும் ஒருத்திக்கு வீட்டு வாசலாக இருந்திருக்கிறது. திரும்பி வந்ததும் தலைமையாசிரியரிடம் அனுமதி வாங்கி, பெயிண்டும் பிரஷ்ஷுமாக அந்தச் சுவர் முன்னால் போய் நின்றேன். வளைவுகளைப் போனில் பார்த்து வரைந்துவிட்டேன். அந்த இரண்டு வீடுகளும் எந்த வளைவில் இருந்தன என்று மட்டும் தெரியவில்லை. கையில் பிரஷ் காய்ந்துகொண்டிருந்தது.