கழுதை என்ன சொன்னது

செம்பூர் ரயிலில் இன்று நனைந்த குடைகளின் வாடை அடித்ததும், மாதுங்காவில் இருந்த தகரக்கூரை டாக்கீஸ் நினைவுக்கு வந்தது. இப்போது அங்கே ஒரு அடுக்குமாடிக் கட்டடம், பார்க்க ஒன்றுமில்லை. நாற்பதுகளில், மழைக்கால ஞாயிறுகளில், அப்பா அம்மாவையும் என்னையும் அங்கே இங்கிலீஷ் படத்துக்கு அழைத்துப்போவார். சித்தப்பாக்களும் அத்தைகளும் நெருக்கியடித்த எங்கள் ஒற்றை அறையில் அவர்கள் இருவரும் பேசிக்கொண்டு நான் பார்த்ததில்லை. டாக்கீஸில் மட்டும், கூரைமேல் மழை கொட்டக் கொட்ட, அப்பா அம்மாவின் காதருகே குனிந்து வசனங்களைத் தமிழில் சொல்லிக்கொண்டே இருப்பார். ஒரு படத்தில் நிஜ மனிதன் ஒருவன் கார்ட்டூன் கழுதையின் முன்காலைப் பிடித்துக்கொண்டு நடனமாடினான். வசனமே இல்லை, கொட்டகை முழுக்கச் சிரித்தது, அப்பாவும் பேச்சை நிறுத்திவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"கழுதை என்ன சொல்றது?" என்றாள் அம்மா.

"ஒண்ணும் சொல்லலை. சும்மா ஆடறது."

"இல்லை, என்னமோ சொல்றது. கேட்டுச் சொல்லுங்கோ."

அப்பா மறுபடி குனிந்தார். கழுதை பேசாததையெல்லாம் படம் முடியும்வரை சொல்லிக்கொண்டிருந்தார்.

அந்த நாட்களில் வீட்டில் என் இங்கிலீஷ் பாடங்களைத் திருத்தியது அம்மாதான்.